முகாம் மக்களுக்குத் தெரியாமல் எழுதப்பட்ட நிபந்தனைகள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். இலங்கையின் போர்க்காலத்தில் சர்வதேச உதவி நிறுவனங்கள் ஆற்றிய பங்கு குறித்துத் தங்கள் நாளிதழின் வாசகர் பக்கத்தில் நடந்துவரும் விவாதத்தைத் தொடர்ந்து வாசித்து வருகிறேன். அந்நிறுவனங்கள் அரசின் கைக்கருவிகளாகவே இயங்கின என்று ஒரு சாரார் எழுதுகிறார்கள். அவை இல்லாதிருந்தால் மக்கள் பசியாலும் நோயாலும் மடிந்திருப்பார்கள் என்று மறுசாரார் எழுதுகிறார்கள். 2009 ஆம் ஆண்டில், போரிலிருந்து தப்பி வந்த மக்கள் அடைக்கப்பட்டிருந்த செட்டிக்குளம் மெனிக் பாம் முகாம்களில், பெயர் குறிப்பிட விரும்பாத ஓர் உதவி நிறுவனத்தின் உள்ளூர்ப் பணியாளனாக வேலை செய்தவன் நான். இரு சாராரும் சொல்வதில் உண்மை இருக்கிறது என்பதை அந்த வேலையே எனக்குக் காட்டியது. ஆயினும் அந்நிறுவனங்கள் எந்த நிபந்தனைகளுக்கு உடன்பட்டு உள்ளே வந்தன, அந்நிபந்தனைகள் யாருக்குத் தெரிவிக்கப்பட்டன, யாருக்கு மறைக்கப்பட்டன என்பதை இதுவரை எவரும் கேட்கவில்லை. அதைக் கேட்கவே இக்கடிதத்தை எழுதுகிறேன்.

கதை முகாமில் தொடங்கவில்லை. 2008 செப்டெம்பரில், விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த வன்னிப் பெருநிலத்தின் கிளிநொச்சியில் தொடங்குகிறது. அம்மாதத் தொடக்கத்தில், வன்னியிலுள்ள உதவிப் பணியாளர்களின் பாதுகாப்புக்கு இனிப் பொறுப்பேற்க முடியாது என்று இலங்கை அரசு அறிவித்தது. ஐக்கிய நாடுகள் அமைப்பின் வளாகத்துக்கு முன்னால் மக்கள் திரண்டு, எங்களை விட்டுப் போகாதீர்கள் என்று மன்றாடினார்கள். அவர்களில் பலர் ஏற்கெனவே பலமுறை இடம்பெயர்ந்தவர்கள். வெளிநாட்டார் ஒருவர் அருகில் இருப்பதே தங்களுக்கு மிஞ்சியிருக்கும் காப்பு என்று நம்பியவர்கள். செப்டெம்பர் 16 ஆம் திகதி வாகனத் தொடரணி கிளிநொச்சியை விட்டுப் புறப்பட்டது. சர்வதேச செஞ்சிலுவைக் குழுவும் ஓரிரு உள்நாட்டு அமைப்புகளும் மட்டும் எஞ்சின. வெளிநாட்டுப் பணியாளர்கள் போனார்கள். உள்ளூர்ப் பணியாளர்களில் பலரையும் அவர்களது குடும்பங்களையும் வெளியேற விடுதலைப் புலிகள் அனுமதிக்கவில்லை. அந்தக் குடும்பங்கள் அடுத்த எட்டு மாதங்களும் ஏனைய மக்களோடு மக்களாகப் பதுங்குகுழிகளில் இருந்தன. வெளியேறும்படி சொல்லப்பட்டபோது, ஏன் வெளியேற வேண்டும், வெளியேறினால் யார் பொறுப்பு என்று உரத்த குரலில் கேட்டிருக்க வேண்டிய நேரம் அது. அந்தக் கேள்வி பகிரங்கமாக எழுப்பப்படவில்லை.

அதன்பின் நடந்தது எண்களின் அரசியல். உலக உணவுத் திட்டத்தின் லொறித் தொடரணிகள் ஒக்டோபர் தொடக்கம் வன்னிக்குப் போய்வந்தன. பதினோராவது தொடரணியோடு 2009 ஜனவரியில் உள்ளே சென்ற ஐ.நா. பணியாளர்கள் சிலர், அரசு அறிவித்த முதலாவது பாதுகாப்பு வலயத்துக்குள்ளேயே எறிகணை வீச்சில் அகப்பட்டார்கள். அதற்குப் பிறகு தரைவழிப் பாதை மூடப்பட்டது. உணவும் மருந்தும் செஞ்சிலுவைக் குழுவின் கப்பல்களில்தான் போயின. எவ்வளவு அனுப்புவது என்பது எத்தனை பேர் இருக்கிறார்கள் என்பதைப் பொறுத்தது. பெப்ரவரியில் சுமார் 70 ஆயிரம் பேர் என்று அரசு சொன்னது. ஏப்ரல் இறுதியில் 10 ஆயிரம் பேர்தான் என்றது. அதே ஏப்ரல் இறுதியில் ஐ.நா.வின் மதிப்பீடு ஒரு இலட்சத்து 27 ஆயிரம். கடைசியில் வன்னியிலிருந்து வெளியே வந்து முகாம்களில் பதியப்பட்டவர்கள் 2 இலட்சத்து 80 ஆயிரத்துக்கும் அதிகம். ஆட்தொகையைக் குறைத்துச் சொன்னால் அரிசி மூடைகளும் குறையும், மயக்க மருந்தும் குறையும், காயத்துக்குக் கட்டும் துணியும் குறையும். இந்த இடைவெளியை ஐ.நா. அதிகாரிகள் நன்றாக அறிந்திருந்தார்கள். ஆனால் சரியான எண்ணை உலகத்தின் முன் வைத்து, இதற்குரிய உணவு போக வேண்டும் என்று வலியுறுத்துவதை விட்டு, அறைக்குள் பேசித் தீர்க்கலாம் என்று நம்பினார்கள்.

இறந்தவர்களின் எண்ணிக்கையிலும் இதுவே நடந்தது. வன்னிக்குள் இருந்த தம் உள்ளூர்ப் பணியாளர்கள், வைத்தியர்கள், மதகுருமார் ஆகியோரிடமிருந்து கிடைத்த தகவல்களை ஒப்புநோக்கி, கொழும்பிலிருந்த ஐ.நா. குழு ஒன்று கவனமாகக் கணக்கெடுத்தது. மே மாத நடுப்பகுதி வரை ஏழாயிரத்து எழுநூறுக்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டதாக அந்தக் கணக்கு காட்டியது. அது அதிகாரபூர்வமாக வெளியிடப்படவில்லை. மார்ச் 13 ஆம் திகதி, மனித உரிமைகளுக்கான உயர்ஸ்தானிகர் நவநீதம் பிள்ளை அதன் ஒரு பகுதியைத் தம் அறிக்கையில் வெளிப்படுத்தினார். 2,800 பேருக்கு மேல் கொல்லப்பட்டிருக்கலாம் என்றார். அந்த அறிக்கையின் தொனியைக் குறைக்கும்படி ஐ.நா.வின் மேல்மட்டத்திலேயே அவரை வலியுறுத்தினார்கள் என்பதை, 2012 நவம்பரில் வெளியான சார்ள்ஸ் பெட்ரி தலைமையிலான உள்ளக மீளாய்வுக் குழுவின் அறிக்கையே பதிவு செய்திருக்கிறது. ஐ.நா. செயலாளர் நாயகம் நியமித்த நிபுணர் குழுவின், 2011 இல் வெளிவந்த அறிக்கை, இறுதிக்கட்டத்தில் 40 ஆயிரம் பேர் வரை இறந்திருக்கக்கூடும் என்று சொன்னது. மக்கள் செத்துக்கொண்டிருந்தபோது வெளிவந்திருக்க வேண்டிய எண்கள் அவர்கள் புதைக்கப்பட்ட பிறகே வெளிவந்தன.

இந்த மௌனத்துக்குச் சொல்லப்பட்ட காரணம், பேசினால் உள்ளே செல்லும் அனுமதியை இழப்போம், அனுமதியை இழந்தால் மக்களுக்கு உதவ முடியாது என்பது. கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் செப்டெம்பரிலேயே வன்னியை விட்டு வெளியேறிவிட்டவர்கள், ஜனவரிக்குப் பின் ஒரு லொறியைக்கூட உள்ளே அனுப்ப முடியாதிருந்தவர்கள், எந்த அனுமதியைக் காப்பாற்றுவதற்காக மௌனம் காத்தார்கள் என்பது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. செஞ்சிலுவைக் குழுவின் நிலை வேறு. பெப்ரவரி 10 ஆம் திகதி தொடக்கம் மே 9 ஆம் திகதி வரை புதுமாத்தளனிலிருந்தும் முள்ளிவாய்க்காலிலிருந்தும் காயப்பட்டோரையும் அவர்களது உறவினரையுமாகப் பதினான்காயிரம் பேரளவில் கப்பலில் ஏற்றித் திருகோணமலைக்கும் புல்மோட்டைக்கும் கொண்டுசென்ற அமைப்பு அது. அந்தக் கடற்கரையில் அதன் பணியாளர்களும் கொல்லப்பட்டார்கள். அவர்கள் அளந்து பேசினார்கள் என்றால், அடுத்த கப்பல் வர வேண்டும் என்பதற்காகப் பேசினார்கள். அப்படி இருந்தும், கற்பனைக்கு எட்டாத மனிதப் பேரழிவு என்று மே மாதத்தில் அவர்கள்தாம் பகிரங்கமாகச் சொன்னார்கள். எல்லா மௌனத்தையும் ஒரே தராசில் நிறுப்பது நியாயமன்று.

இனி மெனிக் பாம். வவுனியாவிலிருந்து மன்னார் போகும் பாதையில், அருவியாற்றை ஒட்டிக் காடு வெட்டித் துப்புரவாக்கிய சிவந்த மண்ணில், கதிர்காமர், ஆனந்த குமாரசுவாமி, இராமநாதன், அருணாசலம் என்று தமிழ்ப் பெரியோரின் பெயர் சூட்டிய வலயங்களாக அது விரிந்தது. உச்சக்கட்டத்தில் 2 இலட்சத்து 20 ஆயிரம் பேருக்கு மேல் அங்கே அடைக்கப்பட்டிருந்தார்கள். ஒரே இடத்தில் இத்தனை தமிழர் இருந்தும், அது ஊராகவில்லை. இராணுவச் சோதனை நடந்த ஓமந்தையில் பேருந்து பேருந்தாகப் பிரித்து ஏற்றப்பட்ட குடும்பங்கள், தாய் ஒரு வலயத்திலும் பிள்ளை இன்னொரு வலயத்திலுமாக, நடுவில் முள்கம்பி வேலியோடு இருந்தன. தன் பிள்ளை பக்கத்து வலயத்தில் இருக்கிறது என்று தெரிந்த ஒரு தாய், அந்த முந்நூறு நானூறு மீற்றர் தூரத்தைக் கடக்க மாதக்கணக்கில் விண்ணப்பம் எழுதிக் கொடுக்க வேண்டியிருந்தது. வெளியிலிருந்து பார்க்க வந்த உறவினர் வேலிக்கு அப்பால் நின்று, சனக் கூட்டத்தின் இரைச்சலுக்கு மேலால் கத்திப் பேசினார்கள். கைத்தொலைபேசி தடை. யார் உயிரோடு இருக்கிறார், யார் விசாரணைக்குக் கொண்டுபோகப்பட்டார் என்பதை அறிய வழியில்லை.

ஐந்து பேருக்கென்று தைத்த கூடாரத்தில் இரண்டு மூன்று குடும்பங்கள். உடுப்பு மாற்ற மறைப்பில்லாத பெண்கள் விடிவதற்கு முன் எழுந்தார்கள். தண்ணீர் பௌசர் வரும் நேரம் நிச்சயமில்லாதபடியால், காலையிலேயே வாளியையும் கானையும் வரிசையில் வைத்துவிட்டு, அதற்குப் பக்கத்தில் ஒரு சிறுபிள்ளையைக் காவலுக்கு இருத்திவிடுவார்கள். அந்தப் பிள்ளையின் பகல் முழுவதும் அந்த வாளிக்குப் பக்கத்தில் கழியும். முதல் வாரங்களில் சமைத்த உணவு கொடுக்கப்பட்டது. வரிசையின் கடைசியில் நின்றவர்களுக்குப் பல நேரம் மிச்சமிருக்கவில்லை. பிறகு அரிசி, கோதுமை மா, பருப்பு, சீனி, எண்ணெய் என்று உலர் உணவு வந்தது. ஆனால் விறகு வெட்ட வேலிக்கு வெளியே போக முடியாது. கடலோடு வாழ்ந்த முல்லைத்தீவு மக்கள் மாதக்கணக்கில் மீனைக் காணவில்லை. அம்மை வந்தது, பின்னர் செங்கண்மாரி பரவியது. ஓகஸ்ட் நடுப்பகுதியில் ஒரு மழை பெய்தபோது மலசலகூடக் குழிகள் நிரம்பி வழிந்து, அந்த நீர் கூடாரங்களுக்குள் ஓடியது. அது பருவமழைகூட அல்ல. சில மணி நேரம் பெய்த இடைமழை.

இத்தனைக்கும் நடுவில் நாங்கள் ஒவ்வொரு வாரமும் படிவம் நிரப்பினோம். அவசர உதவிக்கென்று சர்வதேச நிறுவனங்கள் ஏற்றுக்கொண்ட ஸ்பியர் தராதரங்களின்படி ஆளுக்கு நாளொன்றுக்கு 15 லீற்றர் தண்ணீர், 20 பேருக்கு ஒரு மலசலகூடம், ஆளுக்கு மூன்றரைச் சதுர மீற்றர் கூரையுள்ள இடம் என்று கணக்குப் பார்த்து, எத்தனை வீதம் எட்டப்பட்டது என்று எழுதினோம். அந்தத் தராதரங்களை நான் குறைத்துப் பேசமாட்டேன். ஒரு மலசலகூடத்துக்கு எத்தனை பேர் என்று கணக்குக் கேட்க ஒருவர் இருந்தபடியால்தான் பல குழந்தைகள் உயிர் தப்பின. ஆனால் அந்தப் படிவத்தில் முள்கம்பி வேலிக்கு ஒரு நிரல் இருக்கவில்லை. வெளியே போக முடியாதவர், பிரிக்கப்பட்ட குடும்பம், இரவில் அழைத்துச் செல்லப்பட்டு மீளாதவர் ஆகியோரை எழுதுவதற்கு ஓர் இடம் இருக்கவில்லை. தண்ணீரின் அளவு கூடக்கூட அறிக்கையில் நிலைமை முன்னேறியது. முகாமுக்குள் இருந்தவர்களுக்கோ எதுவும் முன்னேறவில்லை. கூடாரத்துக்குள் போய் என்ன தேவை என்று கேட்டால், பெரும்பாலான தாய்மார் தறப்பாளையும் பாயையும் முதலில் கேட்கவில்லை. எங்களை எப்போது விடுவார்கள் என்றே கேட்டார்கள். அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல எங்களுக்கு அதிகாரம் இருக்கவில்லை. அதை எழுதி மேலே அனுப்பவும் வழி இருக்கவில்லை.

உள்நாட்டில் இடம்பெயர்ந்தோர் தொடர்பாக 1998 இல் ஐ.நா. வகுத்த வழிகாட்டிக் கோட்பாடுகளின் பன்னிரண்டாவது கோட்பாடு, இடம்பெயர்ந்தவர்களை முகாமில் அடைத்துவைக்கக் கூடாது என்கிறது. மிக விதிவிலக்கான சூழ்நிலையில் அடைக்க வேண்டி வந்தாலும், அது தேவைக்கு மேல் ஒரு நாளும் நீடிக்கக் கூடாது என்கிறது. இந்தக் கோட்பாட்டை நிறுவனங்கள் அறியாதிருக்கவில்லை. ஐ.நா. செயலாளர் நாயகத்தின் பிரதிநிதி வோல்டர் கேலின் அவ்வாண்டு செப்டெம்பரில் நேரில் வந்து நடமாடும் சுதந்திரத்தை வலியுறுத்திச் சென்றார். நிரந்தரக் கட்டடங்களுக்குப் பணம் கொடுத்தால் அடைப்பும் நிரந்தரமாகிவிடும் என்று நன்கொடை நாடுகள் அஞ்சின. ஆதலால் கூடாரங்களோடும் தறப்பாள் கொட்டில்களோடும் நிறுத்திக்கொள்ளவே விரும்பின. அந்த அச்சம் நியாயமானது. ஆனால் அரசுக்கும் நன்கொடையாளர்களுக்கும் நடந்த இந்த இழுபறியின் விலையை, கிழிந்த கூடாரத்தின் கீழ் நனைந்தபடி இருந்தவர்கள் கொடுத்தார்கள். கூரை ஏன் மாற்றப்படவில்லை என்று அவர்கள் எங்களைத் திட்டினார்கள். அது அவர்களை விடுவிக்கச் செய்வதற்கான அழுத்தம் என்று எவரும் அவர்களுக்குச் சொல்லவில்லை. சொல்லியிருந்தால், நனைந்தாலும் பரவாயில்லை, விடும்வரை பொறுத்திருக்கிறோம் என்று சொல்லக்கூடியவர்கள் அவர்களுள் எத்தனையோ பேர். வேண்டாம், முதலில் கூரையைப் போடுங்கள், கைக்குழந்தை இருக்கிறது என்று சொல்லக்கூடியவர்களும் இருந்திருப்பார்கள். அந்தத் தெரிவு அவர்களுடையது. அதை அவர்கள் சார்பில் கொழும்பிலும் ஜெனீவாவிலும் இருந்தவர்கள் செய்தார்கள்.

நிறுவனங்களின் பக்கத்து நெருக்கடியை மறைத்துவிட்டு எழுதுவது நேர்மையாகாது. முகாமுக்கு எதிரே மே மாத இறுதியில் கள வைத்தியசாலை அமைத்த எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பு, அரசின் சம்மதமின்றிப் பகிரங்கமாகப் பேசுவதில்லை என்ற நிபந்தனைக்கு உடன்பட்டே அந்த வேலையைத் தொடங்கியது. மறுத்திருந்தால் அந்தச் சத்திரசிகிச்சைக் கூடாரம் இருந்திருக்காது. எறிகணைச் சிதறலை உடம்பில் சுமந்து வந்த எத்தனையோ பேர் அங்கேதான் காப்பாற்றப்பட்டார்கள். குழந்தைகளின் நிலையைப் பற்றி வெளிப்படையாகப் பேசிய யுனிசெப் பேச்சாளர் ஜேம்ஸ் எல்டர் செப்டெம்பரில் நாட்டை விட்டு வெளியேற்றப்பட்டார். செஞ்சிலுவைக் குழுவின் பணிகளைச் சுருக்கும்படி ஜூலையிலேயே கட்டளை வந்துவிட்டது. வெளிநாட்டவருக்கு விசா இரத்து, உள்ளூரவருக்கோ கைது. 2006 ஓகஸ்டில் மூதூரில் பிரெஞ்சு நிறுவனம் ஒன்றின் 17 உள்ளூர்ப் பணியாளர்கள் தங்கள் அலுவலக வளவிலேயே நிலத்தில் கிடத்திச் சுடப்பட்டார்கள். அதற்கு இன்றுவரை எவரும் தண்டிக்கப்படவில்லை. எங்கள் ஒவ்வொருவரின் மனத்திலும் மூதூர் இருந்தது. ஆகவே, வீரமாகப் பேசியிருக்க வேண்டியதுதானே என்று இன்று எழுதும் வாசகர்களுக்கு, பேசியவர்களுக்கு நேர்ந்ததையும் நினைத்துப் பார்க்கும்படி பணிவோடு சொல்வேன்.

அதேபோல, அரசை மட்டும் குற்றஞ்சாட்டி நிறுத்திவிடுவதும் முழு உண்மையாகாது. விடுதலைப் புலிகள் வன்னியில் நடைமுறைப்படுத்திய, அனுமதிச் சீட்டின்றி எவரும் வெளியேற முடியாத பாஸ் முறை இல்லாதிருந்தால், கிளிநொச்சி விழுவதற்கு முன்பே பல்லாயிரம் குடும்பங்கள் வெளியேறியிருக்கும். கடைசி மாதங்களில் பிள்ளைகளைப் பிடித்துச் சென்றதையும், தப்பி ஓடியவர்களைச் சுட்டதையும் மெனிக் பாமில் இருந்த மக்களே எங்களுக்குச் சொன்னார்கள். அவர்களின் வாயை நாம் மூட முடியாது. ஐ.நா.வின் உள்ளூர்ப் பணியாளர்களின் பிள்ளைகளும் அந்தக் கட்டாய ஆட்சேர்ப்புக்குத் தப்பவில்லை. வன்னியில் வேலை செய்த நிறுவனங்கள் இதைப் பற்றியும் அடங்கிய குரலிலேயே பேசின. காரணம் அங்கும் அதே அனுமதிதான்.

வேறு நாடுகளில் நடந்ததைப் பார்த்தால் இந்தச் சிக்கல் நமக்கு மட்டும் உரியதன்று என்பது தெரியும். 1994 ஜூலையில், ருவாண்டா இனப்படுகொலைக்குப் பின், சில நாட்களுக்குள் சுமார் எட்டரை இலட்சம் ஹூட்டு அகதிகள் எல்லை கடந்து அன்றைய ஸயரின் கோமா நகரைச் சூழ்ந்த எரிமலைப் பாறை நிலத்தில் குவிந்தார்கள். வாந்திபேதியும் வயிற்றுளைச்சலும் முதல் மாதத்தில் மட்டும் ஐம்பதாயிரம் பேரளவில் காவு கொண்டன. படுகொலையை நடத்திய இராணுவத்தினரும் இன்டெரஹாம்வே ஆயுதக் குழுவினரும் அதே அகதிகளுக்கிடையில் இருந்தார்கள். உணவுப் பட்டியலையும் பங்கீட்டையும் அவர்களே கைப்பற்றினார்கள். திரும்பிப் போக விரும்பியவர்களை மிரட்டினார்கள், கொன்றார்கள். ஆயுததாரிகளைப் பிரித்தெடுக்கப் படை அனுப்புங்கள் என்று அகதிகளுக்கான உயர்ஸ்தானிகர் சடாகோ ஒகாட்டா கேட்டபோது உலகம் கைவிரித்தது. அந்த நவம்பரில் எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பின் பிரெஞ்சுப் பிரிவு, கொலைகாரர்களுக்குச் சோறு போடும் ஏற்பாட்டில் பங்கேற்க மாட்டோம் என்று காரணத்தைப் பகிரங்கமாகச் சொல்லிவிட்டு வெளியேறியது. ஏனைய பல நிறுவனங்கள், அப்பாவிகளை யார் பார்ப்பது என்று கேட்டுத் தங்கின. அந்த வெளியேற்றத்தால் முகாம்கள் திருந்தவில்லை. 1996 இல் அவை படையெடுப்பில் சிதறடிக்கப்படும்வரை அப்படியே இருந்தன. எனினும் கோமாவில் என்ன நடக்கிறது என்பது உலகத்துக்குத் தெரிந்திருந்தது. போனவர்களும் தங்கியவர்களும் தங்கள் காரணத்தை வெளியில் சொன்னார்கள். நமக்கு அதுகூடக் கிடைக்கவில்லை.

பெட்ரி அறிக்கைக்குப் பின், 2013 இறுதியில், மனித உரிமைகளுக்கு முதலிடம் என்ற பெயரில் ஐ.நா. ஒரு புதிய செயல்முறையை அறிவித்தது. வன்னியில் விட்ட தவறு இனி நடக்காது என்பது அதன் பொருள். ஆனால் மியன்மாரின் ராக்கைன் மாநிலத்தில் 2012 தொடக்கம் ஒரு இலட்சத்துக்கும் மேற்பட்ட ரோஹிங்கியா மக்கள் சித்துவேயைச் சுற்றிய முகாம்களில் அடைக்கப்பட்டிருந்தார்கள். அங்கேயும் நிறுவனங்கள் வருடக்கணக்காக உணவு கொடுத்து, வேலியைப் பற்றி வாய் திறக்காதிருந்தன. அந்நாட்டில் ஐ.நா. நடந்துகொண்ட விதத்தை ஆராய்ந்த கெர்ட் ரோசன்தாலின் 2019 ஆம் ஆண்டு அறிக்கை, இலங்கையில் கண்ட அதே அமைப்புசார் தோல்வியைக் கண்டது. நம் மக்களின் சாவிலிருந்து கற்றதாகச் சொன்ன பாடத்தை அடுத்த மக்களுக்குப் பயன்படுத்தவில்லை என்பதை வாசித்தபோது எனக்கு ஏற்பட்ட வேதனையை எழுத்தில் வடிக்க இயலாது.

ஆனால் பகிரங்கமாக மறுக்கவே முடியாது என்று சொல்பவர்களுக்கு அண்மைக்காலம் ஒரு மறுமொழியைத் தந்திருக்கிறது. 2025 மே மாதத்தில் காசாவில், தனியார் ஆயுதக் காவலோடும் இஸ்ரேலிய இராணுவத்தின் கட்டுப்பாட்டுக்கு உட்பட்ட பகுதியிலும் உணவு கொடுக்கும் புதிய ஏற்பாடு கொண்டுவரப்பட்டபோது, ஐ.நா. அமைப்புகளும் பல பெரிய உதவி நிறுவனங்களும் அதில் சேர மாட்டோம் என்று காரணங்களை வெளிப்படையாக எழுதி மறுத்தன. உணவு தேடிச் சென்ற நூற்றுக்கணக்கானோர் அந்த விநியோக நிலையங்களை அண்டிய இடங்களில் கொல்லப்பட்டதைப் பின்னர் உலகம் கண்டது. மறுத்ததால் காசாவின் பசி தீரவில்லை என்பது உண்மை. ஆனால் எதற்குச் சம்மதிக்க மாட்டார்கள் என்பது அந்த மக்களுக்கும் உலகத்துக்கும் முன்கூட்டியே தெரிந்திருந்தது. மெனிக் பாமிலும் அவ்வாறு செய்திருக்கலாம். முதல் கூடாரம் அடிக்கப்படுவதற்கு முன்பே, இத்தனை மாதத்துக்குள் நடமாடும் சுதந்திரம் வராவிட்டால் உயிர்காக்கும் உதவி தவிர்ந்த எல்லாவற்றையும் நிறுத்துவோம் என்று எல்லா நிறுவனங்களும் சேர்ந்து ஒரே குரலில், பத்திரிகைகளுக்கும் முகாம் மக்களுக்கும் தெரியும்படி அறிவித்திருந்தால், எந்த ஒரு நிறுவனத்தையும் தனியாகப் பிடித்து வெளியேற்றுவது அரசுக்கு எளிதாக இருந்திருக்காது. ஒவ்வொரு நிறுவனமும் தனித்தனியே கதவைத் தட்டித் தனித்தனியே பேரம் பேசியதுதான் அரசுக்கு வாய்ப்பாயிற்று. நாங்கள் பேசினால் பக்கத்து நிறுவனம் எங்கள் இடத்தைப் பிடித்துக்கொள்ளும் என்ற கவலையை அலுவலகக் கூட்டங்களில் என் காதாலேயே கேட்டிருக்கிறேன்.

நிபந்தனைகளை வெளியிட்டால் உள்ளூர்ப் பணியாளருக்கு ஆபத்து வரும் என்று சிலர் சொல்வார்கள். என் அனுபவம் அதற்கு மாறானது. எதற்கு உடன்பட்டிருக்கிறார்கள் என்று எங்களுக்கே தெரியாதிருந்ததுதான் ஆபத்து. முகாமில் ஒரு பெண் தன் மகனைக் காணவில்லை என்று என்னிடம் சொன்னால், அதை நான் எழுதலாமா, எழுதினால் யார் வாசிப்பார்கள், இராணுவத்துக்குப் போகுமா, எனக்கு என்ன பாதுகாப்பு என்று எதுவும் தெரியாது. கேட்டால், மேலிடத்துக்குத் தெரியும் என்ற ஒரு பதில். வெளிநாட்டுப் பணியாளருக்கு விமானச் சீட்டு இருந்தது. எங்களுக்கு வவுனியாவில் வீடு இருந்தது. ஆபத்தை யார் சுமக்கிறார்களோ அவர்களுக்கு நிபந்தனை தெரிந்திருக்க வேண்டும்.

முகாம் 2009 டிசெம்பர் முதலாம் திகதிதான் ஓரளவு திறந்தது. அதுவும் குறிப்பிட்ட நாட்களுக்குள் திரும்பி வர வேண்டும் என்ற அனுமதிச் சீட்டோடு. கடைசியாக 346 குடும்பங்களைச் சேர்ந்த 1,160 பேர் 2012 செப்டெம்பர் 24 ஆம் திகதி வெளியேற்றப்பட்டார்கள். அவர்களுள் முல்லைத்தீவின் கேப்பாப்பிலவு மக்களின் காணிகள் இராணுவத்திடம் இருந்தபடியால், அவர்கள் சொந்த ஊருக்குப் போகாமல் சீனியாமோட்டைக் காட்டில் இறக்கிவிடப்பட்டார்கள். பெரும்பாலான நிறுவனங்களின் கோப்புகள் அத்தோடு மூடப்பட்டன. அந்த மக்களோ ஐந்து ஆண்டுகளின் பின் 2017 இல், இராணுவ முகாமின் வாசலில் இரவும் பகலும் அமர்ந்து தங்கள் காணியைக் கேட்டுப் போராட வேண்டியிருந்தது.

எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பு 2011 இல், இலங்கை உட்படப் பல நாடுகளில் தான் செய்துகொண்ட பேரங்களையும் விட்டுக்கொடுப்புகளையும் தானே எழுதி வெளியிட்டது. அந்த நேர்மையை நான் மதிக்கிறேன். 2008 தொடக்கம் 2012 வரை வன்னியிலும் வவுனியாவிலும் வேலை செய்த ஏனைய நிறுவனங்களும் அதைச் செய்ய வேண்டும். எந்தெந்த அமைச்சோடும் படைத்தரப்போடும் என்னென்ன எழுதிக் கையெழுத்திட்டார்கள், எவற்றைச் சொல்ல மாட்டோம் என்று ஒப்புக்கொண்டார்கள், எங்களைப் போன்றவர்கள் நிரப்பிக் கொடுத்த படிவங்களும் முறைப்பாடுகளும் எங்கே இருக்கின்றன என்பதைத் தமிழிலும் சிங்களத்திலும் வெளியிடும்படி தங்கள் நாளிதழ் அவர்களிடம் எழுத்துமூலம் கேட்க வேண்டும் என்று வேண்டிக்கொள்கிறேன். குறிப்பாக, முகாமுக்குள்ளிருந்து கொண்டுபோகப்பட்டவர்களைப் பற்றிய முறைப்பாடுகள் அந்தக் கோப்புகளில் இருக்குமானால், காணாமலாக்கப்பட்ட பிள்ளைகளைத் தேடி வீதியோரப் பந்தல்களில் அவர்களின் படத்தோடு அமர்ந்திருக்கும் தாய்மாருக்கு அவை உடனடியாகக் கிடைக்க வேண்டும். அவர்களில் பலர் ஒவ்வொருவராக இறந்துகொண்டிருக்கிறார்கள். அந்த முகாம்களில் இருந்தவர்களும், என்னைப் போல வேலை செய்தவர்களும் தாங்கள் கண்டதை எழுதி அனுப்பத் தங்கள் வாசகர் பக்கத்தில் தொடர்ந்து இடம் ஒதுக்குவீர்களானால், முதலில் எழுதுபவர்களில் ஒருவனாக நான் இருப்பேன்.

இப்படிக்கு,
முன்னாள் உள்ளூர்ப் பணியாளர் ஒருவர்,
வவுனியா.
(பெயரும் முகவரியும் ஆசிரியரின் பார்வைக்குத் தனியாக இணைக்கப்பட்டுள்ளன.)